போட்ட மாலையும் போடாத கையெழுத்தும்

எங்கள் அலுவலகத்திலிருந்து யாரும் வெறுங்கழுத்தோடு போனதில்லை. பணி ஓய்வோ இடமாற்றலோ எதுவானாலும் சரி, மேசைகளை ஒன்றாக இழுத்துப் போட்டு, விரிப்பு விரித்து, ஜாங்கிரியும் காராபூந்தியும் காபியும் கொடுத்து, கையில் சந்தனம் பூசி, மாலை போட்டு, மார்க்கெட் பக்கத்து ஸ்டூடியோக்காரரை வரவழைத்துப் படமும் எடுத்துத்தான் அனுப்புவோம். ஆகாதவராக இருந்தாலும் அதே மரியாதைதான். இந்த வழக்கத்தைக் கட்டிக் காத்தவர் எங்கள் சூப்பிரண்டு. சேலையூர்க்காரர், ஞாயிறு தவறாமல் சர்ச்சில் பாடுகிறவர். பலகாரம் வாங்க யாரை வேண்டுமானாலும் அனுப்புவார், மாலை வாங்க மட்டும் தானே போவார். “போற எடத்துல எப்படி நடத்துவாங்களோ தெரியாது. நாமளாவது நல்லபடியா அனுப்பி வைப்போம்” என்பார்.

அந்த வழக்கத்தைக் கேலி பேசியவர்களில் நானும் ஒருத்தி. ஆளைத் துரத்திவிட்டு மாலை என்ன வேண்டிக்கிடக்கிறது என்று அவர் காதுபடவே சொல்லியிருக்கிறேன். கடைசியில் அதே மாலை என் கழுத்தில் விழுந்து கழுத்தை நெரிக்கப் பார்த்தது.

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. தாம்பரத்தில், ரயில் சத்தம் கேட்கிற தூரத்தில், ஒரு வாடகைக் கட்டடத்தின் மாடியில் எங்கள் மாநில அரசு அலுவலகம் இருந்தது. எந்தத் துறை என்று சொல்லப் போவதில்லை. இன்றைக்கும் பென்ஷன் வாங்கிச் சாப்பிடுகிறவள் நான். அங்கே உதவியாளர் வேலை. சேலையூரில், கேம்ப் ரோட்டிலிருந்து உள்ளே போகும் ஒரு தெருவில் குடியிருந்தோம். கணவருக்குப் பம்மலில் ஒரு தோல் கம்பெனியில் ஷிப்ட் வேலை. எனக்கு வாய் நீளம் என்று அலுவலகத்தில் பேர். நான் அதை ஒருநாளும் மறுத்ததில்லை.

அந்த வாய்க்கு வீட்டில் வேறொரு வேலை இருந்தது. எங்கள் மகளுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. அப்போது ஏழு வயது. மார்பில் சின்னப் பெட்டியாகத் தொங்கும் காது மெஷினைப் போட்டால் ஏதோ இரைச்சல் கேட்கும், அவ்வளவுதான். காது கேளாத பிள்ளைகளுக்கான ஒரு பள்ளியில் சேர்த்திருந்தோம். காலையில் மின்சார ரயிலில் கூட்டிப்போய் விட்டுவிட்டு வேலைக்குத் திரும்புவேன். அந்தப் பள்ளி டீச்சர் முதல் நாளே எனக்குச் சட்டம் போட்டுவிட்டார்.

“பகல் முழுக்க நாங்க சொல்லிக் குடுத்தாலும், சாயங்காலம் நீங்க உக்காந்து பேசலேன்னா ஒண்ணும் நிக்காது. வெளிச்சத்துல உக்காருங்க. உங்க வாய் அவ கண்ணுக்கு நேரா இருக்கணும். கை வெச்சு மறைக்காதீங்க. முந்தானையால மூடாதீங்க. அவளுக்குப் புத்தகமே உங்க வாய்தான்.”

அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் டியூப் லைட்டுக்கு அடியில் நானும் அவளும் எதிரெதிரே உட்காருவோம். என் உதட்டைப் பார்ப்பாள், என் தொண்டையில் கை வைத்து அதிர்வைத் தொட்டுப் பார்ப்பாள், பிறகு தன் தொண்டையில் கை வைத்துச் சொல்லிப் பார்ப்பாள். இரண்டு வருஷத்தில் ‘அம்மா’ வந்திருந்தது. ‘பால்’ பாதி வந்திருந்தது. கணவரும் முயற்சி செய்தார். உதடு தெரியட்டும் என்று, கல்யாணத்துக்குக்கூட எடுக்காத மீசையை எடுத்தார். ஆனால் அவர் பேசுவதே உதடு அசையாமல்தான். அவர் என்ன சொல்கிறார் என்று காது கேட்கிற எனக்கே பாதி புரியாது, பிள்ளைக்கு எப்படிப் புரியும்?

இந்த நேரத்தில்தான் மாற்றல் உத்தரவு வந்தது. ‘நிர்வாக நலன் கருதி’ என்னை ராமநாதபுரம் மாவட்டத்தில் ஒரு கடலோரத் தாலுகாவுக்கு மாற்றியிருந்தார்கள். தண்ணியில்லாத காட்டுக்கு மாத்திடுவேன் என்று எங்கள் அலுவலகங்களில் மிரட்டுவது வழக்கம். அந்த ஊர்க்காரர்கள் மன்னிக்க வேண்டும், பேச்சு வழக்கு அப்படி. நிர்வாகத்துக்கு என்ன நலன் என்று விசாரித்ததில், மேலிடத்துச் சிபாரிசு உள்ள ஒருவருக்குத் தாம்பரம் வேண்டுமாம். பெருங்களத்தூரில் அவருக்கு மாமனார் வீடாம். யாரையாவது கிளப்ப வேண்டும், யாரைக் கிளப்பலாம் என்று பார்த்தபோது என் வாயின் நீளம் எல்லோருக்கும் ஞாபகம் வந்திருக்கிறது.

வீட்டில் இரண்டு பேரும் உட்கார்ந்து யோசித்தோம். பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போனால் அந்தப் பக்கத்தில் இப்படி ஒரு பள்ளிக்கூடம் கிடையாது. விட்டுவிட்டுப் போனால் சாயங்காலம் அவள் யார் வாயைப் பார்ப்பாள்? வேலையை விடலாம் என்றால் கணவரின் கம்பெனி எப்போது மூடும் என்று அந்தக் கம்பெனிக்கே தெரியாது. எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவர். எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. மறுநாளே குரோம்பேட்டையில் ஒரு வக்கீலம்மாவைப் போய்ப் பார்த்தோம்.

வீட்டின் முன்னறையில் அவருக்கு அலுவலகம். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, “டிரான்ஸ்ஃபர்ங்கறது சர்வீஸ்ல ஒரு பார்ட். யாரையும் எங்கேயும் மாத்தலாம்னு கவர்ன்மென்ட் சொல்லும், கோர்ட்டும் பெரும்பாலும் ஆமாம்னுதான் சொல்லும்” என்றார். என் முகம் போன போக்கைப் பார்த்திருக்க வேண்டும். “ஆனா குழந்தையைக் காட்டிக் கேக்கலாம். இந்தப் படிப்பு வருஷம் முடியற வரைக்குமாவது விடுங்கன்னு கேக்கலாம். கிடைக்கும்னு தோணுது. ஒரே ஒரு கண்டிஷன்.”

“என்ன மேடம்?”

“அதுவரைக்கும் நீங்க ரிலீவ் ஆகாம இருக்கணும்.”

அரசு வேலையில் இல்லாதவர்களுக்கு இதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். மாற்றல் உத்தரவு வந்ததாலேயே ஆள் போய்விட்டதாக ஆகாது. உள்ளூர் அதிகாரி, இவர் இன்று முதல் விடுவிக்கப்படுகிறார் என்று தனியாக ஒரு தாள் கொடுப்பார். அதை வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போட்டால்தான் ரிலீவ். அதற்கு முன்னால் தடை உத்தரவு வந்துவிட்டால் நாற்காலி நம்முடையது. பின்னால் வந்தால், வக்கீலம்மா சொன்ன மாதிரி, அந்தத் தடையை ஃப்ரேம் போட்டுச் சுவரில் மாட்டிக்கொள்ள வேண்டியதுதான்.

“இன்னொண்ணு. கேஸ் போட்ட விஷயம் ஆபீஸ்ல ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. தெரிஞ்சா அன்னைக்கே ரிலீவ் பண்ணிடுவாங்க. சாதாரணமா இருங்க.”

என்னைச் சாதாரணமாக இருக்கச் சொன்னது எவ்வளவு பெரிய தண்டனை என்று அவருக்குத் தெரியாது.

எனக்குப் பதில் வருகிறவர் வெள்ளிக்கிழமை சேருவதாக ஏற்பாடு. வியாழக்கிழமை சாயங்காலம் என்னை விடுவிப்பார்கள். அரசு ஊழியர் வழக்குகளுக்கென்றே இருந்த தீர்ப்பாயத்தில் எங்கள் மனு விசாரணைக்கு வருவதும் வெள்ளிக்கிழமைதான். வியாழக்கிழமை ஒன்றைத் தாண்டிவிட்டால் போதும். உடம்பு சரியில்லை என்று அன்றைக்கு லீவு போட்டுவிடுவது என்று முடிவு செய்திருந்தோம்.

புதன்கிழமை மத்தியானம் சூப்பிரண்டு என் மேசைக்கு வந்து நின்றார். “நாளைக்கு நாலு மணிக்கு வெச்சிருக்கேம்மா. உங்களுக்குப் பன்னீர் ரோஜா பிடிக்கும்னு சொல்லுவீங்களே, பல்லாவரத்துல சொல்லி வெச்சிருக்கேன்” என்றார். அவர் கண் லேசாகக் கலங்கியிருந்தது. அந்த மனிதர் உண்மையாகவே எனக்காக வருத்தப்பட்டார். நான் போகப் போவதில்லை என்று அவரிடம் சொல்ல முடியவில்லை. சரி சார் என்று தலையாட்டினேன்.

வீட்டுக்கு வந்து சொன்னதும் கணவர், “நீ போகலேன்னா சந்தேகம் வந்துடும். கேஸ் போட்டிருக்கோம்னு மோப்பம் பிடிச்சுடுவாங்க. வீடு தேடி வந்து கதவுல ஆர்டரை ஒட்டிட்டுப் போனாலும் ரிலீவ்தானே?” என்றார். தெருமுனைக் கடைக்குப் போய் வக்கீலம்மாவுக்கு போன் அடித்தேன். யாரும் எடுக்கவில்லை. ஆகவே நாங்களே முடிவு செய்தோம். போக வேண்டியது, ஜாங்கிரி தின்ன வேண்டியது, கையெழுத்து மட்டும் போடாமல் வந்துவிட வேண்டியது. எங்களுக்குச் சட்டம் தெரிந்த லட்சணம் அவ்வளவுதான்.

வியாழக்கிழமை நாலு மணிக்கு மேசைகளை இழுத்துப் போட்டார்கள். ஒவ்வொருவராக எழுந்து என்னைப் புகழ்ந்தார்கள். வாய் கொஞ்சம் நீளமானாலும் மனசு வெள்ளை என்று ஒருவர் சொல்ல எல்லோரும் சிரித்தார்கள். அதிகாரியின் அறைக் கதவு திறந்தே இருந்தது. அவர் மேசைமேல் கண்ணாடிக் குண்டின் அடியில் ஒரு தாள் மின்விசிறிக் காற்றில் படபடப்பது நான் உட்கார்ந்த இடத்திலிருந்து தெரிந்தது. சூப்பிரண்டு மாலையைப் போட்டார். ஸ்டூடியோக்காரர் இப்படிப் பாருங்கம்மா என்றார். படம் எடுக்கிறார்கள் என்றால் சிரித்துவிடுகிற பாழாய்ப்போன பழக்கம் எனக்கு. நன்றாகப் பல் தெரியச் சிரித்தேன்.

காபி முடிந்தது. அதிகாரி எழுந்து, “அம்மா, அப்படியே ரூமுக்கு வந்து ஒரு கையெழுத்துப் போட்டுட்டுப் போயிடுங்க” என்றார்.

“கையெல்லாம் சந்தனம் சார். கழுவிட்டு வந்துடறேன்” என்றேன்.

குழாய் கீழே, கட்டடத்துக்குப் பின்னால் இருந்தது. படியிறங்கினேன். குழாய்ப் பக்கம் திரும்பாமல் சந்து வழியாக ரோட்டுக்கு வந்துவிட்டேன். சாப்பாட்டுக் கூடை, குடை எல்லாம் மேலேயே இருந்தன. ஓடினால் யாராவது பார்ப்பார்கள் என்று ஓடாமல் நடந்தேன், முதுகில் யாரோ கூப்பிடுகிற மாதிரியே இருந்தது. கேம்ப் ரோடு பக்கம் போகிற பஸ் ஒன்று நகர்ந்துகொண்டிருந்தது. ஏறிக்கொண்டேன். கண்டக்டர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

“இன்னாம்மா, மாலையும் கழுத்துமா கீற. யாருக்குக் கல்யாணம்?”

அப்போதுதான் மாலையைக் கழற்றவில்லை என்பதே தெரிந்தது. கழற்றி மடியில் வைத்துக்கொண்டேன். டிக்கெட் வாங்கக் கையை நீட்டினால் கையெல்லாம் சந்தனம்.

வெள்ளிக்கிழமை எல்லாம் நல்லபடியாகவே நடந்தது. வக்கீலம்மா பள்ளிக்கூடத்துச் சான்றையும் பிள்ளையின் காது பரிசோதனைத் தாள்களையும் காட்டிப் பேசினார். இதுவரை விடுவிக்கப்படாமல் இருந்தால் மேல் உத்தரவு வரும்வரை விடுவிக்கக் கூடாது என்று தீர்ப்பாயம் சொன்னது. நான் வராந்தாவில் சுவரோடு சாய்ந்து நின்று மூச்சு விட்டேன். அன்று சாயங்காலம் பிள்ளை ‘பூ’ சொன்னாள். வாடிப்போன பன்னீர் ரோஜாவைக் கையில் வைத்துக்கொண்டு, உதட்டைக் குவித்து, சுத்தமாகச் சொன்னாள். இனி ஒன்றும் பயமில்லை என்று நினைத்தேன்.

திங்கட்கிழமை தீர்ப்பாய உத்தரவை எடுத்துக்கொண்டு அலுவலகம் போனால், என் நாற்காலியில் அந்தப் பெருங்களத்தூர் மாப்பிள்ளை உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் பாவம், எழுந்து, “உக்காருங்க மேடம்” என்று என் நாற்காலியையே எனக்குக் காட்டினார். அதிகாரி உத்தரவைப் பொறுமையாகப் படித்தார்.

“விடுவிக்கப்படாம இருந்தாத்தான்னு போட்டிருக்கே. நீங்கதான் வியாழக்கிழமையே ரிலீவ் ஆயிட்டீங்களேம்மா.”

“நான் கையெழுத்துப் போடலையே சார்.”

“நேர்ல குடுத்தோம். வாங்க மறுத்துட்டீங்க. ரெண்டு பேர் சாட்சிக் கையெழுத்து இருக்கு, அது போதும்.”

அவர் திருப்பிக் காட்டிய தாளில் இருந்த முதல் கையெழுத்தை எனக்கு வருஷக்கணக்காகத் தெரியும். வளைந்து வளைந்து அழகாக இருக்கும். வெளியே வந்து சூப்பிரண்டைப் பார்த்தேன். அவர் ஒரு கோப்பை முகத்துக்கு அருகே பிடித்துப் படித்துக்கொண்டிருந்தார். அவ்வளவு கிட்டத்தில் எதையும் படிக்க அவரால் முடியாது. அவருக்கு வெள்ளெழுத்து.

வக்கீலம்மா தலையில் கை வைத்துக்கொண்டார். “மாலை போட்டுக்கிட்டு, ஃபோட்டோவுக்கு வேற நின்னீங்களா?” என்று மட்டும் கேட்டார். உத்தரவை மதிக்கவில்லை என்று மறுபடி மனு போட்டார். எந்த அலுவலகத்திலும் இல்லாதவளாக நான் நடுவில் தொங்கினேன். வேலைக்கே வரவில்லை என்று நாளைக்கு எழுதிவிடக் கூடாதே என்று, தினமும் காலையில் போய், பொதுமக்கள் உட்காரும் பெஞ்சில் சாயங்காலம்வரை உட்கார்ந்தேன். வருகைப் பதிவேட்டைத் தொட விடமாட்டார்கள். பழைய சிநேகிதர்கள் என்னைத் தாண்டிப் போகும்போது கடிகாரத்தைப் பார்த்தார்கள்.

பம்மல் பக்கத்துப் பெரியவர் ஒருவர் ஒருநாள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். “இன்னாம்மா, டெய்லி உன்ன இங்கதான் பாக்கறேன். நீயும் மனு குடுத்துட்டு அலைஞ்சிகினு கீறியா?” என்றார். ஆமாம் என்றேன். “ரொம்பப் பேஜாரு இவங்களோட. உள்ள நமக்குத் தெரிஞ்ச ஆளு யாருனா இருந்தாதான் நடக்கும்” என்று புத்தி சொன்னார். எனக்குச் சிரிப்பும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன.

வீட்டில்தான் உண்மையான நஷ்டம் நடந்துகொண்டிருந்தது. கோபமாக இருக்கும்போது என் உதடு இறுகிவிடும். எனக்குத் தெரியாது, பிள்ளைதான் கண்டுபிடித்தாள். டியூப் லைட்டின் அடியில் உட்கார்ந்து நான் சொல்லச் சொல்ல, அவள் விழித்துக்கொண்டே இருந்தாள். கடைசியில் இரண்டு விரலால் என் உதட்டைப் பிடித்துத் திறந்து பார்த்தாள். உள்ளே வார்த்தை எங்கே மாட்டிக்கொண்டது என்று தேடுகிறவள் மாதிரி இருந்தது. ‘பூ’கூட மங்கிப்போனது. அன்றைக்கு நான் சமையலறையில் போய் நின்று, என்னை மாற்றினவர்கள், மாற்றச் சொன்னவர்கள், எல்லோரையும் வாய்க்கு வந்தபடி திட்டினேன்.

அடுத்த விசாரணையில் அரசு வக்கீல் அந்தப் படத்தை நீட்டினார். பெரிதாகப் பிரிண்ட் போட்டிருந்தார்கள். மாலையும் கழுத்துமாக, பல் தெரிய நான். பக்கத்தில் சூப்பிரண்டு. சந்தோஷமாக விடைபெற்றுப் போனவர், மறுநாள் தீர்ப்பாயத்தில் வந்து நின்று, விடுவிக்கப்படவே இல்லை என்கிறார் என்று அவர் சொன்னபோது, என் சிரிப்பு எனக்கே எதிராகச் சாட்சி சொல்லிக்கொண்டிருந்தது. பதில் தாக்கல் செய்ய எங்களுக்கு ஒரு தவணை கிடைத்தது. வெளியே வந்ததும் வக்கீலம்மா, “அன்னைக்கு ஆர்டரே உங்க கைக்கு வரலைன்னு அந்த ரூம்ல இருந்த ஒருத்தர் எழுதிக் குடுக்கணும். இல்லேன்னா ராமநாதபுரம்தான்” என்றார்.

ஞாயிற்றுக்கிழமை சூப்பிரண்டு வீட்டுக்குப் போனேன். சர்ச்சிலிருந்து அப்போதுதான் வந்திருந்தார்கள். அவர் மனைவி உட்காரச் சொல்லி, காபி கொடுத்தார். நான் சுற்றி வளைக்காமல் கேட்டேன்.

அவர் தரையைப் பார்த்துக்கொண்டே பேசினார். “எல்லாரும் போன பிறகு கூப்பிட்டுப் போடச் சொன்னாரும்மா. போட்டேன். ரிட்டயர் ஆக ஒரு வருஷம்கூட இல்லை. நான் போட்ட கையெழுத்தைப் பொய்னு நானே எழுதிக் குடுத்தா என் பென்ஷன் என்ன ஆகும்?”

“நல்லபடியா அனுப்பி வைக்கறதுன்னா இதுதானா சார்? காலையில சர்ச்சுல என்ன பாடிட்டு வந்தீங்க?”

அவர் மனைவி எழுந்து வந்து, நான் பாதி குடித்து வைத்திருந்த காபி டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். அதற்கு மேல் அங்கே உட்கார என்ன இருக்கிறது? எழுந்து வந்துவிட்டேன். கேம்ப் ரோடு நெடுக வெயிலில் நடந்துகொண்டே அந்த மனிதரை மனதுக்குள் கிழித்தேன்.

விசாரணைக்கு இரண்டு நாள் முன்னால், விளக்கு வைக்கிற நேரத்தில், வாசலில் யாரோ நிற்கிற மாதிரி இருந்தது. நானும் பிள்ளையும் எங்கள் இடத்தில் உட்கார்ந்திருந்தோம். அவள் கை என் தொண்டையில் இருந்தது. திரும்பிப் பார்த்தால் சூப்பிரண்டு. எவ்வளவு நேரமாக நின்றார் என்று தெரியாது. வாங்க என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. அவராகவே செருப்பைக் கழற்றிவிட்டு வந்து, நாற்காலியில் உட்காராமல் பிள்ளைக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார். அவள் அவருடைய வாயையே பார்த்தாள். யார் வந்தாலும் அப்படித்தான் பார்ப்பாள், ஏதாவது கிடைக்குமா என்று. அவர் ஏதோ சொல்ல வாயைத் திறந்து, சொல்லாமல் மூடிக்கொண்டார்.

பிறகு என்னிடம், “வக்கீலம்மா வீட்டுக்கு எப்படிம்மா போகணும்?” என்றார்.

அவர் மனதை எது மாற்றியது என்று எனக்குத் தெரியாது. என் வாயாக இருக்காது. திட்டுக்கு மசிகிறவர் இல்லை அவர். அவர் எழுதிக் கொடுத்தது கொஞ்சம்தான். “விழாவை ஏற்பாடு செய்தது நான், எங்கள் அலுவலக வழக்கப்படி முன்கூட்டியே செய்தேன், அன்று அந்த அம்மாவின் கையில் எந்த உத்தரவும் கொடுக்கப்படவில்லை, சாட்சிக் கையெழுத்தை அவர் போன பிறகு என்னிடம் வாங்கினார்கள்.” அவ்வளவுதான். தன்னுடைய வளைந்த கையெழுத்தைப் பொய் என்று சொல்லி, அதன் கீழே அதே கையெழுத்தைப் போட்டார்.

தீர்ப்பாயத்தில் அதைப் படித்த பிறகு அரசு வக்கீல் படத்தைப் பற்றி மறுபடி பேசவில்லை. நான் விடுவிக்கப்படவில்லை என்றும், படிப்பு வருஷம் முடியும்வரை தாம்பரத்திலேயே இருக்கலாம் என்றும், என் கோரிக்கையை மேலிடம் அதற்குள் பரிசீலிக்க வேண்டும் என்றும், மூல வழக்கு நிலுவையில் இருக்கும் என்றும் உத்தரவாயிற்று. பெருங்களத்தூர் மாப்பிள்ளையைச் சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் ஒரு காலியிடத்தில் போட்டார்கள். அவருக்கு அதுவே போதுமானதாக இருந்தது. முதலிலேயே அங்கே போட்டிருந்தால் இத்தனை பேர் இத்தனை பாடு பட்டிருக்க வேண்டாம் என்று நினைத்தால் இப்போதும் எனக்கு எரிகிறது. நான் என் நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். பிள்ளைக்கு ‘பூ’ திரும்ப வந்தது, பின்னாலேயே ‘மாமா’வும் வந்தது.

அந்த மாதம் முடிவதற்குள் சூப்பிரண்டுக்கு மாற்றல் வந்தது. நிர்வாக நலன் கருதி. நான் போயிருக்க வேண்டிய அதே தாலுகாவுக்கு.

ஓய்வு பெறப் போகிறவரை அப்படித் தூக்கி அடிப்பது வழக்கமே இல்லை. நான் அவர் மேசைக்குப் போய், “வாங்க சார், இன்னைக்கே வக்கீலம்மாகிட்ட போவோம். உங்களுக்கு உடனே ஸ்டே கிடைக்கும். நான் எழுதித் தரேன், என்ன வேணும்னாலும் எழுதித் தரேன்” என்றேன். குரல் உயர்ந்துவிட்டது. மற்றவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

“மெதுவாம்மா” என்றார் அவர். “உங்க கேஸே இன்னும் முழுசா முடியலை. நானும் போய் நின்னா, ரெண்டு பேரும் சேர்ந்து பேசி வெச்சுக்கிட்டுச் செஞ்சோம்பாங்க. உங்களுக்குக் கிடைச்சதும் போயிடும். கொஞ்ச மாசம்தானே. கடல் காத்து உடம்புக்கு நல்லது.”

விடுவிப்புத் தாளை வாங்கி, கேட்ட இடத்தில் கையெழுத்துப் போட்டார். அவருக்கு யாரும் மேசைகளை இழுத்துப் போடவில்லை. அதிகாரி பார்த்துக்கொண்டிருக்கும்போது யார் முதலில் மேசையில் கை வைப்பது என்ற பயம். நான் வைக்கிறேன் என்று எழுந்தேன். “வேண்டாம்மா, மாலைன்னாலே இப்ப பயமா இருக்கு” என்று சிரித்தார். எல்லோரையும் மாலையோடு அனுப்பியவர் சாப்பாட்டுப் பையை மட்டும் எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போனார். அந்தக் கடலோர ஊரிலேயே ஓய்வு பெற்றார். அங்கே அவருக்கு யாராவது மாலை போட்டார்களா என்று எனக்குத் தெரியாது.

மாலை வேண்டாம் என்றால் வேறு எதை நான் கொடுப்பது? யோசித்து, அவர் வண்டியேறும் நாளுக்குள் வந்துவிட வேண்டும் என்று பிள்ளையைப் பழக்கினேன். தினமும் டியூப் லைட்டின் அடியில் ‘போயிட்டு வாங்க’. அது அவளுக்கு மலை. போ, வா இரண்டும் உதட்டில் தெரியும். நடுவில் உள்ளதெல்லாம் வாய்க்குள்ளேயே ஓடிவிடும். டீச்சரைக் கேட்டேன். “முதல்லயும் கடைசியிலயும் பிடிச்சா போதும், கேக்கறவங்க மீதியைப் புரிஞ்சுப்பாங்க” என்றார். ‘போ’ சீக்கிரம் வந்தது. ‘வா’ வருவதற்கு அவள் ஒவ்வொரு தடவையும் என் உதட்டைப் பார்க்க வேண்டியிருந்தது. பார்த்தால் சொல்லிவிடுவாள்.

ராமேஸ்வரம் போகிற வண்டி தாம்பரத்தில் கொஞ்ச நேரம்தான் நிற்கும். அவர் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். மேலே ஒரு டிரங்குப் பெட்டி, சுருட்டிய படுக்கை. வழியனுப்ப வந்த அவர் மனைவி வெளியே ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். என்னைப் பார்த்தார், முகத்தைத் திருப்பிக்கொண்டார். அலுவலகத்திலிருந்து ஒருவரும் வரவில்லை. பிள்ளையைத் தூக்கி ஜன்னலுக்கு நேரே பிடித்தேன். மார்பில் அவள் மெஷின் பெட்டி ஜன்னல் கம்பியில் இடித்தது. அவளுக்கு என்ன செய்ய வேண்டும் என்று நன்றாகத் தெரிந்திருந்தது. ஒரு கையைத் தன் தொண்டையில் வைத்துக்கொண்டாள்.

“போ” என்றாள்.

தன் குரல் எவ்வளவு பெரிது என்று அவளுக்குத் தெரியாது. அடுத்த ஜன்னல்களில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவர் மனைவியும் திரும்பினார். சூப்பிரண்டு மட்டும், இன்னும் ஏதோ வர இருக்கிறது என்று தெரிந்தவராக, முகத்தைக் கம்பிக்கு அருகே கொண்டுவந்து காத்திருந்தார். பிள்ளை மீதியைப் பார்த்துச் சொல்ல என் பக்கம் திரும்பினாள். நான் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தேன். அவள் என் கையைப் பிடித்து இழுத்தாள், துணியை இழுத்தாள். நான் வாயைத் திறப்பதற்குள் வண்டி நகர்ந்துவிட்டது.